வக்கீல் குற்றாலிங்கத்தின் கடைசித் தேர்தல்

ஜனவரி 25

சாயங்காலம் பக்கத்து ஊர் மண்டபத்தில் என் பழைய மாணவி இசக்கியம்மாளுக்குக் கல்யாண வரவேற்பு. பத்தாம் வகுப்பில் அல்ஜீப்ரா என்றாலே கண்ணைக் கசக்குகிறவள், மேடையில் சிரித்துக்கொண்டு நின்றாள். அண்ணனும் வருவதாகத்தான் இருந்தது. கிளம்பும் நேரத்தில் பீடிச் சங்கத்துப் பெண்கள் ஏதோ வழக்கு விஷயமாக வந்துவிட, என்னை மட்டும் பஸ் ஏற்றிவிட்டார். மண்டபத்தில் கூட்டம் தாங்கவில்லை. ரசம் நன்றாக இருந்தது. பாயசத்தில் முந்திரியைத் தேட வேண்டியிருந்தது.

"தெரிஞ்சவங்க யாரும் வந்திருந்தாங்களா?" என்று அண்ணன் கேட்டார்.

"உங்க மாவட்டச் செயலாளர் வந்திருந்தாரு. வேற யாரும் இல்ல" என்றேன்.

ஜனவரி 26

பள்ளிக்கூடத்தில் கொடியேற்றப் போன அண்ணன் முகம் வாடித் திரும்பினார். நேற்று ராத்திரி எட்டு மணிவாக்கில் நம்மூர்ப் பெரிய குளத்து மடையை யாரோ உடைத்துவிட்டார்களாம். கீழப்பத்து வயல் முழுக்க வெள்ளம். பால் பிடித்து நின்ற பிசானப் பருவத்து நெல் அப்படியே சாய்ந்து கிடக்கிறதாம். காப்பி கூடக் குடிக்காமல் மறுபடி கிளம்பினார். மத்தியானம் இடுப்புவரை சேறோடு வந்து, "ஒரு மனுஷன் வரப்புல உக்காந்து நெல்லைத் தடவிக் குடுத்துக்கிட்டே இருக்காரு, பவதி" என்றார்.

வேட்டியை ஊற வைத்திருக்கிறேன்.

பிப்ரவரி 9

மாவட்டச் செயலாளர் வேலாண்டி வீட்டுக்கு வந்தார். இந்தத் தடவை சீட்டு அண்ணனுக்குத்தான், மேலிடத்தில் பேசியாயிற்று என்றார். அவர் போனதும் அண்ணன் கண்ணாடி முன் நின்று, "என் உயிரினும் மேலான மேலச்செங்குளத்துப் பெருமக்களே" என்று ஆரம்பித்தார். பால்காரர் வாசலில் நின்று முழுவதும் கேட்டுவிட்டுப் பாலை ஊற்றினார்.

அண்ணனுக்கு அறுபத்தாறு வயது. கறுப்புக் கோட்டு போட்டு நாற்பது வருஷம் ஆகிறது. ஒரே ஒரு தடவை எம்.எல்.ஏ. ஆனார். அதுவும் சட்டசபையைப் பாதியிலேயே கலைத்துவிட்டார்கள். அந்தக் குறுகிய காலத்தில் பெண்கள் பள்ளிக்கு ஒரு ஆய்வுக்கூடமும் கால்வாய்க்கு ஒரு பாலமும் வாங்கிவந்தார். அந்தப் பள்ளியில்தான் நான் முப்பது வருஷம் கணக்கு நடத்தி ஓய்வு பெற்றேன். அதன்பிறகு மூன்று தடவை நின்று மூன்றிலும் தோற்றார். கடைசி இரண்டும் இப்போதைய எம்.எல்.ஏ. சொரிமுத்துவிடம். போன தடவைக்கு முந்தின தோல்வியின்போது அண்ணி உயிரோடு இருந்தார். "உங்களுக்குக் கோர்ட்டு போதாதா?" என்று கேட்டார். போதாது என்பது அண்ணிக்கும் தெரியும்.

மேடையில் புள்ளிவிவரம் சொன்னால் தப்பாகச் சொல்வார். அதைத் திருத்துவது என் வேலை. இத்தனை லட்சம், இத்தனை ஆயிரம் என்று பெரிய எழுத்தில் எழுதிக் கொடுக்க ஆரம்பித்துவிட்டேன்.

பிப்ரவரி 21

சொரிமுத்துவைக் கைது செய்துவிட்டார்கள். அன்றைக்குக் குளக்கரையில் நின்று ஆட்களை ஏவி மடையை உடைக்கச் சொன்னார் என்று வழக்கு. கரையில் அவரைப் பார்த்ததாக இரண்டு பேர் சொல்லியிருக்கிறார்களாம்.

கடைத்தெருவில் அண்ணன் கட்சிக்காரர்கள் வெடி போட்டார்கள். அண்ணன் ஜன்னலைச் சாத்தினார்.

இன்று பூசணிக்காய்க் கூட்டு. உப்பு அதிகமாகிவிட்டது.

பிப்ரவரி 22

சொரிமுத்துவைப் பற்றி ஊரெல்லாம் பேச்சு. அவர் ஒரு காலத்தில் அண்ணனிடம் ஜூனியராக இருந்தவர். ஆறு வருஷம் மத்தியானச் சாப்பாடு இந்த வீட்டில்தான். பிறகு எதிர்க்கட்சியில் சேர்ந்தார். அந்த வாரத்தோடு வீட்டுக்கு வருவதும் நின்றது. எனக்கு அப்போது இருபத்தெட்டு வயது. பி.எட். பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்தேன். வேறு சொல்ல ஒன்றுமில்லை.

பிப்ரவரி 24

சொரிமுத்துவின் கட்சியிலேயே அவருக்கு வக்கீல் வைக்க யாரும் முன்வரவில்லையாம். அவர் உள்ளே இருந்தால் அந்த சீட்டுக்கு அங்கேயும் ஆள் காத்திருக்கிறது. அண்ணன் சாப்பிடும்போது சொன்னார். "அவன் சத்தம் போடுவான், பஸ்ஸை மறிப்பான். மடையை உடைக்க மாட்டான். அவன் அப்பனே அந்தக் குளத்துத் தண்ணியில வெள்ளாமை வெச்சவன்."

நான் மோர் ஊற்றினேன்.

பிப்ரவரி 26

மத்தியானம் ஒரு ஆட்டோ வந்து நின்றது. குடையை ஊன்றிக்கொண்டு ஒரு அம்மாள் இறங்கினார். சொரிமுத்துவின் மனைவி செண்பகவல்லி. இந்த ஊரில் இத்தனை வருஷமாக இருந்தும் நேருக்கு நேர் பேசியதில்லை. அண்ணன் கோர்ட்டில் இருந்தார். உட்காரச் சொல்லிக் காப்பி கொடுத்தேன். சர்க்கரை வேண்டாம் என்றார். காலெல்லாம் வீங்கியிருந்தது.

"வக்கீல் ஐயாவப் பாக்க வரல. உங்களத்தான் பாக்க வந்தேன்" என்றார்.

"சொல்லுங்க."

"அன்னைக்கு சாயங்காலம் அவங்க கல்யாண வீட்டுல இருந்தாங்க. பக்கத்துல உக்காந்து சாப்பிட்டவரு உங்க கட்சி வேலாண்டி. அவரு பாக்கலைங்காரு. பொண்ணோட அப்பா கவுர்மெண்டு உத்தியோகம், பயப்படுதாரு. போட்டோ எடுத்தவன் பிலிம் கெட்டுப்போச்சுங்கான். இனிமே யாரைக் கேப்பேன்?" காப்பி டம்ளரைக் கீழே வைத்தார். "டீச்சர் இருந்தாங்கன்னு அவங்கதான் சொன்னாங்க. வலது பக்கத்துத் தூண் ஓரமா, அரக்குக் கலர் சேலை கட்டியிருந்தீங்களாம். ஆனா உங்ககிட்ட கேக்கக் கூடாதுன்னும் சொல்லிட்டாங்க. நானாத்தான் வந்தேன்."

யோசித்துச் சொல்கிறேன் என்றேன். வாசல்வரை கூடப் போனேன். ஆட்டோவில் ஏறக் கஷ்டப்பட்டார், கையைப் பிடித்து ஏற்றிவிட்டேன். அவர் கையை விடாமல், "உங்களுக்குச் சங்கடம்னா வேண்டாம், அக்கா" என்றார்.

சேலைக் கலர் சரிதான். இட்லி மாவு புளித்துப்போய்விட்டது. தோசையாகத்தான் ஊற்ற வேண்டும்.

பிப்ரவரி 27

காலையில் அண்ணனிடம் சொன்னேன். சவரம் செய்துகொண்டிருந்தவர் பாதி முகத்தில் சோப்போடு திரும்பினார்.

"தெரிஞ்சவங்க யாரும் வரலைன்னியே."

"அதுக்கென்ன இப்ப? இருந்தாரு. நான் போனப்பவே இருந்தாரு. ஒம்பது மணிக்குமேல நான் கிளம்பும்போதும் இருந்தாரு."

அண்ணன் மீதிச் சவரத்தை முடித்தார். துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தார்.

"கோர்ட்டுல சொல்லுவியா?"

"வேற வக்கீலைப் பாத்துச் சொல்லுதேன். உங்க பேரு வேண்டாம். சீட்டு வரப்போற நேரம்."

"வேலாண்டி பாக்கலைன்னு சொன்னதை நீ பாத்தேன்னு சொல்லப்போற. அவன் பொய்யன்னு ஆயிரும். நீ எந்த வக்கீலை வெச்சுச் சொன்னாலும் எனக்கு சீட்டு கிடையாது."

இதை நான் யோசிக்காமல் இல்லை. ராத்திரியெல்லாம் அதைத்தான் யோசித்தேன். பதினைந்து வருஷமாகக் காத்திருக்கிறார். இதுதான் கடைசி என்று அவருக்கும் தெரியும். சொல்ல வேண்டாம் என்று அண்ணன் ஒரு வார்த்தை சொன்னால் பேசாமல் இருந்துவிடலாம் என்றுகூட நினைத்தேன்.

அண்ணன் அதைச் சொல்லவில்லை. "சீட்டு எப்படியும் போவப்போகுது. கேஸாவது நம்மகிட்ட இருக்கட்டும். நானே எடுத்துக்கிடுதேன்" என்றார். பிறகு எழுந்து, "அவன் தோக்கணும் பவதி. ஆனா எங்கிட்ட தோக்கணும். ஜெயில்ல இருக்கிறவனை ஜெயிச்சு எனக்கென்ன ஆவப்போகுது?" என்றார்.

தோசை ஊற்றப் போய்விட்டேன். மூன்று வைத்தேன், நான்காவதும் கேட்டார்.

மார்ச் 1

அண்ணன் கிளைச் சிறைக்குப் போய் சொரிமுத்துவைப் பார்த்து வக்காலத்தில் கையெழுத்து வாங்கி வந்தார். என்ன பேசினீர்கள் என்று நான் கேட்கவில்லை. அவரே சொன்னார். "எந்திரிச்சு நின்னான். 'ஸார், டீச்சரை இதுல இழுக்காதீங்க'ன்னான். 'நான் உன் வக்கீல், சொன்னதைக் கேளு'ன்னு ஒரு அதட்டுப் போட்டேன். பழைய மாதிரி தலையைக் குனிஞ்சுக்கிட்டான்."

அவருக்கும் தலைமுடி எல்லாம் கொட்டிவிட்டதாம். அண்ணனுக்கு அதில் ஒரு சந்தோஷம்.

மார்ச் 4

திருநெல்வேலி கோர்ட். காலை பஸ்ஸில் இருவரும் போனோம். நான் கையெழுத்துப் போட்ட பிரமாணப் பத்திரத்தை அண்ணன் முந்தாநாளே தாக்கல் செய்திருந்தார். ஜாமீன் மனு என்பதால் சாட்சியை விசாரிக்க மாட்டார்கள், சும்மா உட்கார்ந்திருந்தால் போதும் என்று சொல்லித்தான் கூட்டிப்போனார்.

அண்ணன் வாதாடி நான் பார்த்ததேயில்லை. மேடையில்தான் பார்த்திருக்கிறேன். மேடையில் கையை வீசி வீசிப் பேசுகிறவர் இங்கே கையைக் கட்டிக்கொண்டு, அடுத்த வீட்டுக்காரரிடம் பேசுகிற மாதிரி மெதுவாகப் பேசினார். ஒரு தேதியைக்கூடத் தப்பாகச் சொல்லவில்லை. இத்தனை வருஷம் இந்த மனிதரை நான் பாதிதான் பார்த்திருக்கிறேன்.

அரசு வக்கீல் எழுந்து, இந்தப் பத்திரம் கொடுத்திருப்பவர் மனுதாரர் வக்கீலின் சொந்தத் தங்கை, இதை எப்படி நம்புவது என்று கேட்டார்.

"ஆமாம், என் தங்கைதான்" என்றார் அண்ணன். "மனுதாரர் என்னை இரண்டு தேர்தலில் தோற்கடித்தவர். வருகிற தேர்தலில் அவர் எதிரே நிற்கப் போகிறவனாக என்னைத்தான் ஊரில் பேசிக்கொள்கிறார்கள். அவர் உள்ளேயே இருந்தால் லாபம் எங்கள் வீட்டுக்குத்தான். அந்த வீட்டிலிருந்து இந்தப் பத்திரம் வந்திருக்கிறது. அவ்வளவுதான் சொல்ல முடியும்."

நீதிபதி பத்திரத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டு, அந்த அம்மா வந்திருக்கிறாரா என்று கேட்டார். எழுந்து நின்றேன். முன் பெஞ்சைப் பிடித்துக்கொண்டேன். மூட்டுவலி.

"மண்டபத்துல நூத்துக்கணக்கான பேர் இருந்திருப்பாங்க. அவர் நடுவுல எங்கேயும் எழுந்து போகலைன்னு எழுதியிருக்கீங்க. எப்படி அவ்வளவு நிச்சயமாச் சொல்றீங்க?"

"பாத்துக்கிட்டே இருந்தேன்" என்றேன்.

நீதிபதி என்னைக் கொஞ்சம் பார்த்தார், பிறகு உட்காருங்கள் என்றார். அண்ணன் கையிலிருந்த காகிதங்களை அடுக்கிக்கொண்டிருந்தார். அடுக்கினதையே திரும்ப அடுக்கினார்.

பார்த்தேன் என்று சொல்லியிருந்தால் போதும். பதற்றத்தில் வார்த்தை நீண்டுவிட்டது.

ஜாமீன் கிடைத்தது. திரும்பும்போது பஸ்ஸில் ஜன்னல் சீட்டை எனக்கு விட்டுக்கொடுத்தார். வள்ளியூர்க்காரர் யாரோ ஒருவரின் பழைய நிலத்தகராறு வழக்கைப் பற்றி வழிநெடுகச் சொல்லிக்கொண்டே வந்தார். நான் பதில் சொல்ல வேண்டியிராதபடி சொல்லிக்கொண்டே வந்தார்.

மார்ச் 5

வேலாண்டி போனில் கூப்பிட்டார். அண்ணன் "சரி", "சரி" என்று மட்டும் சொல்லி வைத்தார்.

மார்ச் 19

வேட்பாளர் பட்டியல் வந்தது. எங்கள் தொகுதிக்கு வேலாண்டியின் மைத்துனர். கல்குவாரி வைத்திருக்கிறார். சொரிமுத்து வெளியே வந்துவிட்டதால் அவர் கட்சி அவருக்கே மறுபடி கொடுத்திருக்கிறது.

அண்ணன் பேப்பரை மடித்து வைத்துவிட்டுக் கோர்ட்டுக்குப் போனார். சாப்பாட்டுக்கு வரவில்லை. நான் தூக்குவாளியில் எடுத்துக்கொண்டு போனேன். வேப்பமரத்தடியில் தனியாக உட்கார்ந்திருந்தார். என்னைக் கண்டதும், "பசிக்கலைன்னு நெனச்சேன். உன்னப் பாத்ததும் பசிக்குது" என்றார்.

என்னால்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். "வாயில சோறு இருக்கு, அப்புறம் பேசலாம்" என்றுவிட்டார். அப்புறமும் பேசவிடவில்லை.

மார்ச் 23

காப்பி குடிக்கும்போது சொல்கிறார், சுயேச்சையாக நிற்கப் போகிறாராம்.

"ஜெயிக்கவா?"

"நிக்க."

மார்ச் 30

சின்னம் ஒதுக்கிவிட்டார்கள். அண்ணன் கேட்டிருந்த அலமாரியும் கைத்தடியும் வேறு யாருக்கோ போய்விட்டன. அண்ணனுக்குச் சீப்பு. தலையில் ஒரு முடி கிடையாது. சிரித்துச் சிரித்து எனக்கு வயிறு வலித்துவிட்டது. அண்ணன் முதலில் முறைத்தார். அப்புறம் கண்ணாடியில் பார்த்துவிட்டு அவரும் சிரித்தார்.

ஏப்ரல் 14

வெயில் கொளுத்துகிறது. கட்சி போனாலும் ஆள் இல்லாமல் போகவில்லை. பீடிச் சங்கத்துப் பெண்கள் வருகிறார்கள். என் பழைய மாணவிகள் ஏழெட்டுப் பேர் வருகிறார்கள். இசக்கியம்மாள் புருஷனோடு வந்தாள். அவள் அப்பா பயந்துவிட்டதற்கு என்னிடம் மன்னிப்புக் கேட்டாள். சீப்பு வாங்கிக் கொடுத்தால் தேர்தல் குற்றம் என்பதால் அட்டையில் வரைந்து வெட்டிப் பிடித்துக்கொண்டு போகிறோம். நான் மைக் பிடித்துப் பேசினேன், இரண்டு நிமிஷம்.

ஏப்ரல் 22

தேரடித் தெருவில் எங்கள் ஆட்டோவும் சொரிமுத்துவின் ஜீப்பும் எதிரெதிரே வந்துவிட்டன. யாரும் பின்வாங்க இடமில்லை. இரண்டு பக்கமும் மைக்கை நிறுத்தினார்கள். அவர் ஜீப்பிலிருந்து இறங்கி வந்து, அத்தனை பேர் பார்க்க, "ஸார்" என்று அண்ணனைக் கும்பிட்டார். என்னையும் கும்பிட்டார். முடி கொட்டியது உண்மைதான்.

அண்ணன், "தொண்டை கட்டியிருக்கே. பனங்கற்கண்டு போடுதியா?" என்று சட்டைப்பையிலிருந்து எடுத்துக் கொடுத்தார்.

"போட்டுக்கிடுதேன், ஸார்."

"போட்டுட்டு ஜீப்பைப் பின்னால எடு. நான் சீனியர்."

ஜீப் தெருமுனைவரை பின்னாலேயே போனது. சனங்கள் கைதட்டினார்கள். யாருக்குத் தட்டினார்கள் என்று தெரியவில்லை.

மே 8

வாக்குப்பதிவு. வரிசையில் நின்று போட்டுவிட்டு வந்தேன். யாருக்குப் போட்டாய் என்று அண்ணன் கேட்கவில்லை. அவர் கேட்க மாட்டார்.

மே 11

சொரிமுத்து ஜெயித்தார். குவாரிக்காரரைவிடக் கொஞ்சம் ஓட்டுதான் கூடுதல். அண்ணன் மூன்றாவது, டெபாசிட் போய்விட்டது. ஆனால் அண்ணன் வாங்கிய ஓட்டெல்லாம் அவர் பழைய கட்சியின் ஓட்டு. அது குவாரிக்காரருக்குப் போயிருந்தால் சொரிமுத்து தோற்றிருப்பார். கழித்துப் பார்த்தாலே தெரியும்.

இதைக் கணக்குப் போட்டுத்தான் நின்றீர்களா என்று கேட்டேன். "எனக்குத்தான் கணக்கு வராதே" என்று அண்ணன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.

மே 13

காலை பத்து மணிக்கு சொரிமுத்து வந்தார். கூட்டத்தைத் தெருமுனையிலேயே நிறுத்திவிட்டு, செண்பகவல்லியோடு நடந்து வந்தார். செருப்பை வாசலில் விட்டுவிட்டு உள்ளே வந்தவர், முற்றத்தில் ஒரு நிமிஷம் நின்று சுற்றிப் பார்த்தார்.

அவர் கொண்டுவந்த மாலையை அண்ணன் வாங்க மறுத்துவிட்டார். "எனக்கெதுக்கு? ஜெயிச்சவன் போட்டுக்கோ. கேஸ் இன்னும் முடியல, ஜாமீன்தான் வாங்கியிருக்கேன். பதினெட்டாம் தேதி வாய்தா. எம்.எல்.ஏ.ன்னு லேட்டா வரக்கூடாது."

"வந்துருதேன், ஸார்."

"அப்புறம், கீழப்பத்துல பயிர் போனவங்களுக்கு ஒரு காசு நஷ்டஈடு வரல. நீ சட்டசபையில கேளு. நான் கோர்ட்டுல கேக்கேன்."

கொஞ்ச நேரத்தில் செண்பகவல்லி, கொல்லையில் கறிவேப்பிலை செழிப்பாக இருக்கிறதே, பார்க்கலாமா என்று அண்ணனைக் கேட்டார். அண்ணனுக்குக் கறிவேப்பிலையைப் பற்றி எதுவும் தெரியாது. ஆனாலும் எழுந்து கூட்டிக்கொண்டு போனார்.

கூடத்தில் நாங்கள் இருவரும் இருந்தோம். என் பென்ஷன் ஒழுங்காக வருகிறதா என்று கேட்டார். வருகிறது என்றேன். அவர் மனைவிக்குக் கால் வீக்கம், நல்ல டாக்டரிடம் காட்டச் சொன்னேன். சரி என்றார்.

பிறகு, "அன்னைக்கு வந்து சொல்லிட்டுப் போயிருக்கணும்" என்றார்.

"எதை?"

"கட்சி மாறுறதை."

"பேப்பர்ல பாத்தேன்."

"ஆமா. பேப்பர்ல வந்துது." கைகளைப் பார்த்துக்கொண்டார். "ஸார் வீட்டுச் சோத்தைத் தின்னுட்டு எந்த மூஞ்சியோட வந்து நிக்கன்னு இருந்துட்டேன். ஒரு நாள் ரெண்டு நாள்னு தள்ளிப் போட்டேன். அப்புறம் வருஷமாயிட்டுது."

"சாப்பிட்டுப் போங்க, எலை போடுதேன்" என்றேன்.

நால்வரும் சாப்பிட்டோம். அவியல், புளிக்குழம்பு, அப்பளம். புளிக்குழம்பை இரண்டாவது தடவை கேட்டு வாங்கிக்கொண்டார். அண்ணன் தன் பழைய தேர்தல் கதைகளை எல்லாம் சொன்னார், அத்தனையும் தோற்ற கதை. செண்பகவல்லி சிரித்துச் சிரித்துப் புரையேறித் தண்ணீர் குடித்தார். அவர்கள் போனபிறகு நான் இலைகளை எடுத்துவிட்டுக் கூடத்தைத் துடைத்தேன். அழுதேன் என்று அண்ணன் சொல்கிறார். வெங்காயம் நிறைய அரிந்திருந்தேன்.

மே 14

அண்ணன் எட்டு மணியாகியும் எழுந்திருக்கவில்லை. எனக்குத் தெரிந்து இப்படித் தூங்கியதில்லை. கதவோரம் நின்று மூச்சு வருகிறதா என்று பார்த்தேன். குறட்டையே வந்தது. எழுப்பவில்லை.

அதற்குள் வாசலில் ஆட்கள் வந்துவிட்டார்கள். கீழப்பத்திலிருந்து பயிர் போன சம்சாரிகள், வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, பட்டாவும் பயிர்க்காப்புச் சீட்டுமாக. நஷ்டஈட்டுக்கு வழக்குப் போடணுமாம். இவர்களில் முக்கால்வாசிப் பேர் குவாரிக்காரருக்குப் போட்டவர்கள் என்று முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது.

"வக்கீல் ஐயா இருக்காகளா?"

"தூங்குறாரு. எழுப்பட்டுமா?"

"வேண்டாம்மா, பாவம், தூங்கட்டும். நாங்க இருக்கோம்" என்று பெரியவர் ஒருவர் சொன்னார். எல்லாரும் படியிலும் வேப்பமர நிழலிலுமாக உட்கார்ந்துகொண்டார்கள். நான் பெரிய பாத்திரத்தில் காப்பி போட்டேன். டம்ளர் போதாமல் எதிர்வீட்டில் வாங்கினேன்.

அண்ணன் கண்ணைக் கசக்கிக்கொண்டு பனியனோடு வாசலுக்கு வந்தவர், தெருவரை இருந்த கூட்டத்தைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார்.

"ஏய்யா, இதுல பாதிப் பேரு எனக்குப் போட்டிருந்தா டெபாசிட்டாவது மிஞ்சியிருக்கும்" என்றார்.

பெரியவர்தான் முதலில் சிரித்தார். பிறகு எல்லாரும் சிரித்தார்கள். அண்ணன் சட்டையைக் கொண்டுவரச் சொல்லி என்னிடம் கை நீட்டிக்கொண்டே, முதலில் வந்தவர் யார், உள்ளே வாருங்கள் என்றார்.